அப்பா ‘நோ’ சொன்ன ஞாயிற்றுக்கிழமை

மெழுகுவர்த்திப் புகை ஏறிய எவர்சில்வர் டம்ளருக்கு ஒரு தனி வாசனை உண்டு. உருகின மெழுகு, கரி, கூடவே காலையில் அதில் குடித்த ஹாஸ்டல் காப்பி...

தாம்பரம் சானடோரியத்தில் லேடீஸ் ஹாஸ்டலில் தங்கி, பக்கத்து எக்ஸ்போர்ட் கம்பெனியில் சட்டைகளைச் செக்கிங் பார்த்துக்கொண்டிருந்த காலம். அப்போது எங்கள் ஹாஸ்டலில் ஆவி சீசன். யாரோ ஒருத்தி வாரப் பத்திரிகையில் படித்துவிட்டு வந்து ஆரம்பித்து வைத்தாள். சார்ட் பேப்பரில் வட்டமாக ஏ டு இசட், ஒரு மூலையில் யெஸ், எதிர் மூலையில் நோ. நடுவில் டம்ளருக்குள் மெழுகுவர்த்தியைக் காட்டிக் கவிழ்த்துவிட்டு, இரண்டு பேர் ஆளுக்கொரு விரல் வைக்க வேண்டும். ஆவி வந்தால் டம்ளர் தானாக நகரும்.

செத்துப்போன பெரிய பெரிய தலைவர்களைக் கூப்பிட்டு, இந்த வருஷம் இன்கிரிமென்ட் உண்டா, கட்டிங் செக்‌ஷன் ரமேஷ் என்னைத்தான் பார்க்கிறானா என்றெல்லாம் கேட்போம். அவர்களும் பொறுமையாகப் பதில் சொல்வார்கள். பாவம்.

இதில் கில்லாடி மல்லிகா அக்கா. என் லைனில் பட்டன் மெஷினில் இருந்தார். சொந்த வீடு கீழ்க்கட்டளையில். வீட்டில் கூட்டம் தாங்காது என்று ஞாயிற்றுக்கிழமை எங்கள் ரூமுக்கு வந்து கட்டிலில் காலை நீட்டிவிடுவார். அவர் விரல் வைத்தால் ஆவி கட்டாயம் வரும் என்று பெயர்.

அந்த வருஷம்தான் அப்பா இறந்தார். கருமாதி முடிந்த கொஞ்ச நாளிலேயே பெரியப்பா எனக்குக் கல்யாணம் பேசிவிட்டார். மாப்பிள்ளை பெரியம்மாவின் தம்பி. வேலையை விட்டுவிட்டு ஊருக்கு வரவேண்டும், அடுத்த ஞாயிறு வந்து அழைத்துப்போகிறேன் என்று தகவல். எனக்கோ அந்த வாரம்தான் சூப்பர்வைசர் ட்ரெய்னிங்குக்குப் பெயர் வந்திருந்தது. பெரியப்பா முன்னால் நின்று பேசின ஆள் எங்கள் வீட்டில் கிடையாது. அழுதுகொண்டே இருந்தேன்.

“சும்மா இன்னாத்துக்கு அழுதுகினு கீற? உங்கப்பாவையே கூப்ட்டு கேட்டுடலாம், வா” என்றார் மல்லிகா அக்கா.

மத்தியான நேரம். கரண்ட் இல்லை. ரூமில் இருந்த மற்ற பெண்கள் கட்டிலில் ஏறி உட்கார்ந்து வேடிக்கை பார்த்தார்கள். அக்காவும் நானும் தரையில்.

“வெரலை அமுக்காதடி. சும்மா தொட்டுகினு இரு. கேளு.”

“அப்பா... இந்தக் கல்யாணம் பண்ணிக்கட்டுமா?”

முதலில் ஒன்றும் இல்லை. பிறகு டம்ளர் ஒரு நடுக்கம் நடுங்கி, கிறீச்சென்று நகர்ந்து நேராக ‘நோ’வில் போய் நின்றது.

“வேலையை விட்டுட்டு ஊருக்குப் போகட்டுமா?”

நடுவுக்கு வந்து, திரும்பவும் நோ. நான் அப்பா அப்பா என்று தேம்பினேன். வேடிக்கை பார்த்தவர்களும் அழுதார்கள்.

அன்று சாயங்காலம் துணி மடித்துக்கொண்டிருந்தபோதுதான் உறைத்தது. எங்கள் அப்பா கைநாட்டு! பஸ் போர்டையே பக்கத்து ஆளிடம் கேட்டுத்தான் ஏறுவார். தமிழே படிக்கத் தெரியாத மனுஷன் இங்கிலீஷில் எழுதின ‘நோ’வைத் தேடிப்பிடித்தாரா? சிரிப்பு வந்துவிட்டது. மல்லிகா அக்காதான் தள்ளியிருக்கிறார் என்று புரிந்தது. வெளியே மூச்சு விடவில்லை.

அடுத்த ஞாயிறு பெரியப்பா வந்தார். விசிட்டர்ஸ் ரூமில் துண்டை உதறிப் போட்டு உட்கார்ந்து, “பெட்டியைக் கட்டிட்டியா?” என்றார்.

“இல்ல பெரியப்பா. அப்பாவைக் கூப்பிட்டுக் கேட்டேன். வேணாம்னுட்டாரு.”

“எந்த அப்பா?”

“எங்கப்பாதான். போன ஞாயித்துக்கிழமை டம்ளர்ல வந்து, இங்கிலீஷ்ல ‘நோ’ன்னு எழுதின எடத்துல நின்னாரு. எல்லாரும் பார்த்தாங்க.”

ஊரையே அதட்டும் மனுஷனுக்கு முகம் வெளுத்துவிட்டது. அக்கம்பக்கம் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்திக் கேட்டார்: “என்னைப் பத்தி எதுனா சொன்னானா?”

“இல்ல பெரியப்பா. வேணும்னா மறுபடி கூப்பிட்டுக் கேக்கட்டுமா?”

“வேணாம், வேணாம்!” செருப்பை மாட்டிக்கொண்டு அடுத்த ட்ரெயினைப் பிடித்தார். தன் தம்பி, எங்கப்பா, கைநாட்டு என்பது அவருக்கு ஞாபகமே வரவில்லை. கல்யாணப் பேச்சு அதோடு சரி.

நான் வேண்டாம் என்று சொல்லியிருந்தால் ஓர் அறை விழுந்திருக்கும். செத்தவர் சொன்னதால் மரியாதை. அந்தக் காலத்துப் பெண்களில் நிறைய பேருக்குச் சாமியோ பேயோ வந்துதான் வாய் திறந்தது என்று எனக்கு ஓர் எண்ணம் உண்டு.

இப்போது ஊரப்பாக்கத்தில் சொந்த ஃப்ளாட். ஐடியில் இருக்கும் என் மகள் வேலை மாறலாமா என்று வீடியோ காலில் டாரட் கார்டு போட்டுக் குறி கேட்கிறாள். தலையணைக்கடியில் ஏதோ கிரிஸ்டல் வேறு. கையில் உலகமே இருக்கிற போனிலும் கேட்பது அதே கேள்விதான். “கார்டு மாறச் சொல்லுதும்மா” என்றாள். நான் கிண்டல் செய்யவில்லை. எனக்கு அந்தத் தகுதி இல்லை.

போன வாரம் மல்லிகா அக்காவுக்குப் போன் போட்டேன். இத்தனை வருஷமாகச் சொல்லாமல் வைத்திருந்த நன்றியைச் சொல்லிவிட வேண்டும் போல் இருந்தது. “அக்கா, அன்னிக்கு நீங்க மட்டும் டம்ளரைத் தள்ளலன்னா என் வாழ்க்கையே வேறக்கா” என்றேன்.

“அய்ய, நான் எங்கடி தள்ளுனேன்?” என்றார் அக்கா. “நீதான் தரதரன்னு இழுத்துகினு போன. என் வெரலே வழுக்கிச்சி. பாவம், கொயந்த மனசுல இருக்கறத சொல்லுதேன்னு நான் பேசாம கூட வந்துகினு இருந்தேன்.”

போனை வைத்துவிட்டு எண்ணிப் பார்த்தேன்.

முதலில் அப்பாவுக்கு நன்றி சொன்னேன்... பிறகு இத்தனை வருஷம் மனசுக்குள் அக்காவுக்கு. அன்றைக்கு வேண்டாம் என்று சொன்னது நான்தானாம்.