மெட்டி போட்ட கால்

நாலாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். கொரட்டூர் ஏரிப் பக்கம் மூன்று மாடி வீடு, திருவேற்காட்டில் முந்நூறு பேர் உட்கார்ந்து சாப்பிடும் கல்யாண மண்டபம், என் பெயரிலேயே நடனப் பள்ளி, எல்லாம் நானே கட்டியவை. கைதூக்கிவிட ஒருவரும் இல்லை. சினிமாவில் டிரஸ் பெட்டி தூக்கப் போனவன், உதவி டான்ஸ் மாஸ்டராகி, அப்புறம் மாஸ்டரே ஆகி, முப்பது பெண்களை ஒரே விசிலில் திருப்பினேன். உதவி மாஸ்டராக இருந்த காலத்தில் அப்படிக் கூட்டத்தில் ஆடியவர்களில் ஒருத்தி என் அண்ணி.

அவளைக் குரூப் டான்ஸில் சேர்த்துவிட்டதும் நான்தான். கடைசி வரிசையில் நிறுத்தினேன். உள்ளதைச் சொல்வதற்கென்ன, முகம் கேமராவுக்கு எடுபடாது. பதினோரு வருஷம் தோழியாக, குறத்தியாக, அரண்மனைப் பெண்ணாகக் கதாநாயகிகளுக்குப் பின்னால் ஆடினாள். ஒரு படத்திலும் இதுதான் அவள் என்று விரல் வைத்துக் காட்ட முடியாது. ஆனால் கால் வேறு. தரையில் விழுவது தெரியாமல் எழும்.

ஒருநாள் பெரிய பாட்டு. கதாநாயகிக்கு வேகமான ஜதி வரவில்லை. கால் மட்டும் தெரிகிற குளோசப்புக்கு வேறு ஆள் வேண்டும் என்றார் மாஸ்டர். அண்ணியை இழுத்துக்கொண்டு போய் நிறுத்தினேன். கதையில் நாயகி கல்யாணம் ஆகாத பெண். அண்ணியின் விரலிலோ மெட்டி.

“கழட்டு அண்ணி.”

“உங்கண்ணன் உசுரோட கீறாரு. இத்த மட்டும் கேக்காத.”

லைட் எல்லாம் போட்டாகிவிட்டது. மாஸ்டர் கத்துகிறார். காலுக்குப் பூசும் செம்பஞ்சுக் குழம்பை அள்ளி மெட்டி தெரியாமல் அப்பினேன். “தெரியாது, நா பாத்துக்கிறேன். நீ ஆடு.”

ஆடினாள். செட்டே கைதட்டியது.

பத்து நாள் கழித்துத் திரையில் போட்டுப் பார்த்தால், குழம்பு உதிர்ந்து மெட்டி பளிச்சென்று மின்னுகிறது. செட்டைப் பிரித்துவிட்டார்கள், திரும்ப எடுக்க வழியில்லை. “காலைச் சரிபார்த்தது யாருய்யா?” என்றார் மாஸ்டர். அது என் வேலை. “நான் கழட்டிட்டேன் மாஸ்டர். எனக்குத் தெரியாம திரும்பப் போட்டுக்கினு ஆடிட்டாங்க,” என்றேன். அண்ணி கதவருகே நின்றிருந்தாள். என்னைப் பார்த்தாள். நாளையிலிருந்து வராதே என்று அவளை அனுப்பிவிட்டார். என் வேலை தப்பியது.

அதன்பின் அம்பத்தூர் எஸ்டேட்டில் சட்டைகளுக்கு நூல் பிசிறு வெட்டப் போனாள். டிவியில் அந்தப் பாட்டு வரும்போதெல்லாம், “இது என் காலு,” என்பாள். அண்ணனே நம்பியதில்லை. “ஆமா, மூஞ்சிய மட்டும் ஊட்ல வெச்சிட்டுப் போய்ட்ட,” என்பார். வீடே சிரிக்கும். எனக்கு உண்மை தெரியும். நானும் சிரித்தேன்.

இப்போது யாரோ அந்தப் பாட்டைப் போனில் நிறுத்தி, பெரிதாக்கி, கன்னிப்பெண் காலில் ஏது மெட்டி என்று கேட்டிருக்கிறார்கள். விசாரித்துக்கொண்டு நெமிலிச்சேரியில் அண்ணி வீட்டுக்கே கேமரா வந்துவிட்டது. அண்ணன் போன அன்று மெட்டியைக் கழற்றிவிட்டார்கள். விரலில் தடம் மட்டும் இருக்கிறது. நாற்காலியில் உட்கார்ந்தபடியே அந்த ஜதியைத் தட்டிக் காட்டினாள். ஊரே பார்க்கிறது, அழுகிறது. பேட்டி முழுக்கத் தேடினேன், என் பெயர் இல்லை.

நேரே போய்க் கேட்டேன். “இன்னா அண்ணி, என்னப் பத்தி ஒரு வார்த்த சொல்லல?”

“எத்த சொல்றது கொழுந்தனாரே? மெட்டிய நீ கழட்டிட்டன்னா?”

அவள் சொல்ல வேண்டாம். நானே எழுதுகிறேன். மெட்டியை நான் கழற்றவில்லை. மாஸ்டரிடம் சொன்னது பொய். ஆனால் அன்றைக்கு நான் கழற்றியிருந்தால் அது இன்றைக்கும் கதாநாயகியின் கால்தான். அண்ணியை ஒருத்தரும் தேடி வந்திருக்க மாட்டார்கள். ஆகவே அந்த வீடியோவைப் போட்டவர்கள் அவள் பெயருக்குக் கீழே என் பெயரையும் போட வேண்டும். எழுத்து அவள் பெயரைவிடச் சிறிதாக இருக்கக் கூடாது.