அம்மா பார்த்து நிறுத்திய இடம்

கோபன்ஹேகனில் குளிருக்குப் போர்த்திக்கொண்டு டிவியைப் போட்டால், பாதி பார்த்த பட்டியலில் நான் தொட்டே பார்க்காத படங்கள் வரிசையாக நிற்கும். ஓ.டி.டி. சந்தா ஒன்று, வீடு இரண்டு. திருச்சி கே.கே. நகரில் தனியாக இருக்கும் அம்மாவும் என் கணக்கில்தான் பார்க்கிறாள். தமிழ் காமெடிப் படங்களில் தொடங்கியவள், ஒருநாள் நான் பாதியில் விட்ட டேனிஷ் கொலைத் தொடரைத் தெரியாமல் அழுத்திவிட்டாள். ஓய்வுபெற்ற டீச்சர், கீழே ஓடும் இங்கிலீஷை ஒரு வரி விடாமல் படிப்பாள். அப்புறம் சனிக்கிழமை காலை ஸ்ரீரங்கத்தில் பெருமாள், மதியம் டென்மார்க்கில் ஒரு பிணம் என்று ஆகிவிட்டது.

அதிலிருந்து போனில் எனக்கே டென்மார்க் பற்றிப் பாடம் நடக்கிறது. “அந்த இன்ஸ்பெக்டரம்மா சாப்பிடவே மாட்டேங்கிறா. எப்பப் பாரு கறுப்புக் காபி. நீயும் அப்படித்தான் இருக்கியா? துறைமுகம் பக்கம் தனியாப் போகாத.” பதினோரு வருஷத்தில் இங்கே நான் கண்ட பெரிய குற்றம், யாரோ என் சைக்கிள் மணியைக் கழற்றிக்கொண்டு போனதுதான். கூட வேலை பார்க்கும் மெட்டே மட்டும் லேசுப்பட்டவளா? இந்தியப் படம் ஒன்றைப் பார்த்துவிட்டு, “உங்கள் ஊர்க் கல்யாணத்தில் பின்னால் ஆடுகிறவர்களுக்கு எத்தனை நாள் பயிற்சி?” என்று அக்கறையாகக் கேட்டாள். பந்தியில் இடம்பிடிக்கத்தான் பயிற்சி வேண்டும் என்றேன். அதையும் ஒரு நடனம் என்றே எடுத்துக்கொண்டாள்.

ஊரில் இருப்பவர்கள் சிரிக்கலாம்; வெளியே இருப்பவர்களுக்குப் புரியும். அந்தப் பட்டியல்தான் எனக்கு அம்மாவின் கடிதம். போனில் கேட்டால் எப்போதும் “நல்லாத்தான் இருக்கேன்”. போன மழைக்காலத்தில் நான்காம் பகுதியின் பதினெட்டாவது நிமிடத்தில் தொடர் நின்றது. இரண்டு நாள் நகரவே இல்லை. கொலைகாரன் யாரென்று தெரியாமல் அம்மா இரண்டு நாள் இருக்க மாட்டாள். பயந்துபோய் மாடிவீட்டு அக்காவை எட்டிப் பார்க்கச் சொன்னேன். காய்ச்சலில் எழுந்திருக்க முடியாமல் கிடந்தவளைத் தில்லை நகருக்குக் கொண்டுபோய் ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள்.

போன மாதம் இரண்டு டிவியிலும் ஓர் அறிவிப்பு வந்தது. இனி ஒரு கணக்குக்கு ஒரே வீடுதான். உங்கள் வீடு எது? அம்மாவுக்குத் தனிக் கணக்கு எடுத்துக் கொடுத்திருக்கலாம். ஆனால் அவள் எங்கே நிறுத்தினாள் என்று எனக்குத் தெரியாமல் போய்விடும். அதனால் கே.கே. நகரையே வீடாகக் கொடுத்தேன். இங்கே பார்க்க வேண்டுமானால் இப்போது நான் ‘பயணத்தில் இருக்கிறேன்’ என்பதை அழுத்தி, அம்மாவின் டிவியில் வரும் எண்ணைக் கேட்டு வாங்க வேண்டும்.

நேற்றும் அழுத்தினேன். சொந்த வீடும் இந்த ஊர்ப் பாஸ்போர்ட்டும் கையில் இருக்க, அப்படி அழுத்தக் கொஞ்சம் வெட்கமாகத்தான் இருந்தது. வீடியோ காலில் அம்மா கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டு டிவி முன்னால் நின்றாள்.

“நீ வெளியூர் போயிருக்கியான்னு கேக்குது. ஆமான்னு போட்டுட்டேன். நல்லவேளை, எப்பத் திரும்புவேன்னு அது கேக்கல. நம்பர் சொல்றேன், எழுதிக்க.”

எழுதிக்கொண்டேன்.