நீல மைப் பாவாடை

மைதாப் பசையைப் பூச்சி அரிக்காமலிருக்க அதில் கொஞ்சம் மயில்துத்தம் போட்டுக் காய்ச்சுவார்கள். மறுநாள் அது புளித்து ஒரு வாடை அடிக்கும் பாருங்கள், அந்த வாடையோடுதான் எங்கள் வீட்டில் ஜூன் மாதம் பிறக்கும். இன்றைக்கும் எங்கேயாவது அந்த வாடை வந்தால் எனக்குக் குமட்டும். பசை மேல் ஒரு குற்றமும் இல்லை. காரணம் எங்கள் பெரியப்பா.

எண்பதுகளின் தொடக்கம். சங்கரன்கோவிலில் விசைத்தறிச் சத்தத்துக்கு நடுவில் எங்கள் கூட்டுக்குடும்பம். அப்பாவின் சிநேகிதர் ஒருவர், தறிச் சங்கத்துக்காரர், ரஷ்யாவிலிருந்து வரும் தமிழ்ப் பத்திரிகையை வாசித்துவிட்டு எங்களிடம் கொடுப்பார். பள்ளிக்கூடப் புத்தகங்களுக்கு அட்டை போட அந்த வழவழப்புத் தாளை அடிக்க வேறு தாள் கிடையாது. ஊரில் பாதிப் பிள்ளைகளின் கணக்குப் புத்தகத்தின் மேல் டிராக்டரும் அணைக்கட்டும்தான் இருக்கும். எனக்கும் என் அக்கா வடிவுக்கும் மட்டும் எஸ்தோனியா அக்கா.

அவளுடைய பெயர் எங்கள் வாயில் நுழையவில்லை, ஆகவே நாங்கள் வைத்த பெயர் அது. அப்போது ரஷ்யாவோடு சேர்ந்திருந்த எஸ்தோனியா என்ற கடலோர நாட்டுக்காரி, கல்லூரியில் படித்துக்கொண்டே பனிச்சறுக்கு நடனம் ஆடுகிறவள். அவளுடைய கதை அந்தப் பத்திரிகையில் விட்டு விட்டு வந்துகொண்டிருந்தது. முதல் போட்டியில் தொபுக்கென்று விழுந்து கடைசியாக வந்தாள். அப்புறம் தன் ஊரில் ஜெயித்தாள். அப்புறம் தன் நாட்டுக்கே முதலாவதாக வந்தாள். அடுத்தது மாஸ்கோவில் பெரிய போட்டி என்று போட்டிருந்தார்கள். பனிக்கட்டி என்றால் சோடாக்கடையில் மரத்தூளுக்குள் புதைத்து வைத்திருக்கும் கட்டிதான் எங்களுக்குத் தெரியும். அதன் மேல் ஒற்றைக்காலில் சுற்றுவது எப்படி என்று வடிவு யோசித்து யோசித்து, அடுப்படித் தரையில் தேங்காயெண்ணெயைத் தேய்த்துச் சுற்றிப் பார்த்து, இடுப்பு பிடித்துக்கொண்டு படுத்த கதையும் உண்டு.

வடிவு சும்மா ஆசைக்குச் சுற்றியவள் இல்லை. ஓட்டக்காரி. பாவாடையை வரிந்து கட்டிக்கொண்டு வெறுங்காலில் ஓடியே வட்டாரப் போட்டியில் முதலாவதாக வந்துவிட்டாள். அடுத்தது திருநெல்வேலியில் மாவட்டப் போட்டி. அங்கே டவுசர் போட்டுத்தான் ஓட வேண்டும். அதற்கு வீட்டில் சம்மதிக்க வேண்டும். எங்கள் வீட்டில் சம்மதம் என்றால் பெரியப்பாவின் சம்மதம். அப்பாவுக்கு வாயே கிடையாது, "அண்ணன் சொன்னாச் சரி" என்பதோடு அவர் பேச்சு முடிந்துவிடும்.

பெரியப்பா விடிகாலையில் கோயிலுக்குப் போய், அங்கே பிரசாதமாகத் தரும் புற்றுமண்ணை நெற்றி நிறையப் பூசிக்கொண்டு வருவார். தெருவில் எந்தப் பெண் தலைகுனியாமல் நடந்தாலும் அன்றைக்கு முழுக்க அவருக்கு அதே பேச்சு. அந்த ஜூன் மாதம் நாங்கள் அட்டை போட்டுக்கொண்டிருந்தபோது வந்து நின்றவர், எஸ்தோனியா அக்காவைப் பார்த்துவிட்டார்.

"ஏட்டி, என்ன கண்றாவி இது? தொடையக் காட்டிக்கிட்டு நிக்கா! குடும்பம் இருக்க வீடா இது, இல்ல கூத்துக் கொட்டகையா?"

"ஆட்டத்துக்கு அப்படித்தான் உடுத்துவாங்களாம் பெரியப்பா" என்றாள் வடிவு.

"எதுத்தா பேசுத? மைய எடு. எல்லாப் படத்துக்கும் கணுக்கால் வரைக்கும் பாவாட போட்டு விடு. பெறகு எங்கிட்ட கொண்டா. மச்சுல வச்சு நான் பாத்துத்தான் தருவேன்."

வடிவு அழுதுகொண்டே பேனாவால் பாவாடை வரைந்தாள். பனியின் மேல் பறக்கிறவளுக்கு எங்கள் ஊர்ப் பட்டுப்பாவாடை மாதிரி ஒரு நீலப் பாவாடை. ஆனால் வழவழப்புத் தாளில் பேனா மை பிடிக்குமா? அது ஊறவும் இல்லை, காயவும் இல்லை, முத்து முத்தாகத் திரண்டு நின்றது. ஊருக்கே ஒழுக்கம் சொல்லுகிற மனிதருக்கு இது தெரியவில்லை. எல்லாவற்றையும் அப்படியே ஈரத்தோடு வாங்கிக்கொண்டு மச்சுக்கு ஏறிப்போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

சாயங்காலம் டிரில் டீச்சர் வீட்டுக்கே வந்துவிட்டார், வடிவுக்காகக் கேட்பதற்கு. பெரியம்மா காப்பி கொடுத்து, படத்துக்குப் பாவாடை போடவைத்த கதையையும் சொன்னாள். பெரியப்பா மச்சிலிருந்து இறங்கி வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். டீச்சர் நயமாகத்தான் பேசினார்: "நல்லா ஓடுதா அண்ணாச்சி. கூடவே நான் இருப்பேன். போயிட்டு அன்னைக்கே கூட்டிட்டு வந்துருவேன்."

பெரியப்பா வலது கையைத் தூக்கி நிறுத்தினார். "எங்க வீட்டுப் பொம்பளப்பிள்ள நாலு ஆம்பளைங்க முன்னால டவுசரப் போட்டுக்கிட்டு ஓட மாட்டா. பாக்குதவன் கண்ணு எப்படி இருக்கும்னு ஒங்களுக்குத் தெரியாது டீச்சர். எனக்குத் தெரியும்."

தூக்கிய அந்தக் கையில் கட்டைவிரல் முழுக்க நீலம். ரேகை ரேகையாக, நகக்கண் வரைக்கும் நீலம்.

முதலில் கண்டது வடிவுதான். "பெரியப்பா, ஒங்க கையில மை" என்றாள்.

அவள் மெதுவாகத்தான் சொன்னாள். ஆனாலும் எல்லோருக்கும் கேட்டது. எல்லோரும் பார்த்தார்கள், எல்லோருக்கும் விளங்கியது. அப்பா விட்டத்தைப் பார்த்தார். டீச்சர் காப்பி டம்ளருக்குள் பார்த்தார். அம்மா முந்தானையைச் சரிசெய்தாள். பெரியம்மா மட்டும் வாய் திறந்தாள். அதுவும் என்ன சொன்னாள்? "கையக் கழுவிட்டுச் சாப்பிட வாங்க."

அவ்வளவுதான். அவர் எழுந்து போய்க் கழுவினார், வந்து இலையில் உட்கார்ந்து ரசத்தை உறிஞ்சிச் சாப்பிட்டார். படிக்கிறது ராமாயணம், இடிக்கிறது பெருமாள் கோயில் என்பார்கள். இடித்தது தெரிந்தும் அவருக்கு அப்பளம் பரிமாறினார்களே, அதைத்தான் என்னால் இன்னும் செரிக்க முடியவில்லை. த்தூ! ஒருவர்கூட, "அண்ணே, உமக்கு என்ன யோக்கியதை" என்று கேட்கவில்லை. வடிவு திருநெல்வேலிக்குப் போகவும் இல்லை.

நாங்கள் இருவரும் மச்சுக்குப் போய்ப் பார்த்தோம். பாவாடை போட்ட இடத்தில் மட்டும் தேய்த்துத் தேய்த்து மையை எடுத்திருந்தார். முகத்தில் ஒரு பொட்டு மை படவில்லை. முகத்தை அவர் பார்த்திருந்தால்தானே! வடிவு எல்லாத் தாளையும் அள்ளிக்கொண்டு போய் வெந்நீர் அடுப்பில் போட்டாள். அந்தப் பத்திரிகையும் அத்தோடு வீட்டுக்குள் வரக்கூடாது என்றாகிவிட்டது. மாஸ்கோவில் எஸ்தோனியா அக்கா எத்தனையாவதாக வந்தாள் என்று எங்களுக்கு இன்றுவரை தெரியாது. அவள் ஆட்டமும் வடிவின் ஓட்டமும் எங்கள் வீட்டைப் பொறுத்தவரை ஒரே நாளில் முடிந்தன.

இப்போது அந்தப் பத்திரிகை இல்லை, அதை அச்சடித்து அனுப்பிய தேசமே உடைந்துபோய்விட்டது, எஸ்தோனியா தனி நாடாகிவிட்டது என்று பேப்பரில் படித்தேன். மைப்பேனாவும் போய்விட்டது. பெரியப்பா படமாகி மாலையோடு தொங்குகிறார். வடிவை வாசுதேவநல்லூரில் கட்டிக்கொடுத்தார்கள். பேரன் பேத்தி எடுத்துவிட்டாள், முழங்கால் வலி வேறு.

போன மாதம் ஊரில் ஒரு கல்யாணம். எங்களுக்கு முன்வரிசையில் சொந்தக்காரர் ஒருவர், நெற்றியில் அதே புற்றுமண், மடியில் செல்போனை மறைத்து வைத்து எவளோ ஆடுகிற படத்தைக் கட்டைவிரலால் தள்ளித் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தார். தள்ளுவார், நிறுத்துவார், விரலால் பெரிதாக்குவார். அப்போது அவருடைய பேத்தி, காலேஜ் படிக்கிற பெண், மேடைக்குப் போகிறவள் அந்தப் பக்கமாக வந்தாள். போனைக் கவிழ்த்துவிட்டு அவளை அதட்டினார்: "ஏட்டி, ஷால ஒழுங்காப் போடு. நாலு பேரு பாக்குதது தெரியல?"

வடிவு முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். பந்திக்குப் போகிறவர்கள்கூட நின்று திரும்பிப் பார்க்கிற சத்தத்தில் சொன்னாள்:

"அண்ணாச்சி, மொதல்ல போயிக் கையக் கழுவிட்டு வாங்க. பெறகு பிள்ளைக்குப் புத்தி சொல்லலாம்."

அவர் ஒன்றும் விளங்காமல் தம் கட்டைவிரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அது சுத்தமாகத்தான் இருந்தது. இப்போதெல்லாம் மை ஒட்டுவதில்லை.