எல்லைக்கு அந்தப் பக்கத்து வரன்

எங்கள் வீட்டில் ஜாதகம் பார்ப்பதற்கு முன்னால் மாப்பிள்ளையின் ஊர் எந்தப் பக்கம் என்று பார்ப்பார்கள். மாநில எல்லையிலுள்ள வாஞ்சூரைத் தாண்டிய வரன் என்றால் அக்கா அறையை விட்டே வெளியே வரமாட்டாள். பள்ளி முடித்த கையோடு காரைக்கால் வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்தவள் அவள். பதிவு மூப்பு ஏற ஏற வயதும் ஏறியது. கல்யாணமாகித் தமிழ்நாட்டுப் பக்கம் போனால் குடியிருப்புச் சான்று போய்விடும். இத்தனை வருடம் காத்துக்கிடந்த வரிசையும் போய்விடும். எங்கள் விழிதியூரிலிருந்து நாகூர் என்ன தூரம்? ஆனால் நாங்கள் புதுச்சேரி, அது சட்டப்படி வேறு மாநிலம்.

“அந்தப் பக்கத்து ஆளு இங்க பாட்டில் வாங்கத்தான் வருவான். அதிசயமா பொண்ணு கேட்டு வர்றவனையும் நீ வெரட்டுற” என்பார் சித்தப்பா.

“வேலைக்குக் கூப்புடட்டும் சித்தப்பா. அப்பறம் எந்தப் பக்கம் வேணா போறேன்.”

கூப்பிட்டார்கள். எழுத்தர் வேலைக்கு மூப்புப்படி அனுப்பிய பெயர்களில் அக்காவும் இருந்தாள். சான்றிதழ் சரிபார்ப்பு முடிந்த கையோடு நாகூரில் ஒரு வாத்தியார் மாப்பிள்ளையைப் பேசினார்கள். ஆர்டர் வந்ததும் தேதி குறிப்பதாக ஏற்பாடு.

ஆர்டருக்குப் பதில் ஸ்டே வந்தது. பெயர் அனுப்பப்படாத யாரோ சென்னை உயர்நீதிமன்றத்துக்குப் போயிருந்தார்கள். மூப்பை மட்டும் வைத்து ஆளெடுக்கக் கூடாது, பொதுவில் விளம்பரம் செய்து எல்லோரையும் போட்டியிட விட வேண்டும் என்று வழக்கு. எனக்கு எரிச்சலே அதில்தான்: அந்த வாதம் சரியாக இருந்தது. நான் டிகிரி முடித்துப் போன வருடம் பதிந்தவள். மூப்புப்படி என் முறை வருவதற்குள் தலை நரைத்துவிடும்.

“சமவாய்ப்புன்னா இதாங்க்கா...” என்று சாப்பிடும்போது ஆரம்பித்தேன்.

“நீ யாரு கட்சிடீ?”

அம்மா கேட்காமலே என் தட்டில் ரசத்தை ஊற்றினாள்.

பிறகு வாய்தாதான். தினமும் போனில் வழக்கைப் பார்த்துச் சொல்வது என் பொறுப்பு. “கோர்ட்டுத் தேதியே சொல்றீங்களே, முகூர்த்தத் தேதி எப்பங்க சொல்லுவீங்க?” என்று மாப்பிள்ளையின் அம்மா சிரித்துக்கொண்டுதான் கேட்டார். ஒவ்வொரு தடவையும் சிரிப்பு குறைந்தது.

கடைசியில் மூப்புப்படி ஆளெடுத்த பழைய தேர்வு ரத்தானது. புதிய அறிவிப்பை நான்தான் சத்தமாகப் படித்தேன். வயது வரம்பு வந்ததும் நிறுத்திவிட்டேன். அக்கா அதைத் தாண்டியிருந்தாள்.

“ஏன் நிறுத்திட்ட? ஒனக்கு வயசு இருக்குல்ல, நீ போடு.”

எனக்குப் பொறுக்கவில்லை. “வயசுத் தளர்வு கேட்டு நாமளும் ஒரு ரிட் போடலாங்க்கா. இத்தனை வருஷம் காத்திருந்தியே, கண்டிப்பா ஸ்டே கெடைக்கும்!”

“கெடைச்சா? வேற எவளுக்கோ ஆர்டர் நிக்கும். அவ வீட்டுலயும் ஒருத்தி போனப் பாத்து வாய்தா சொல்லிக்கிட்டு ஒக்காந்திருப்பா.”

அப்பாவிடம் திரும்பினாள். “நாகூருக்குப் போன் போடுங்கப்பா. இனிமே எந்தப் பக்கமா இருந்தா எனக்கென்ன.”

குடியிருப்புச் சான்று அந்த அறிவிப்பிலும் கேட்டிருந்தார்கள். எனக்கு அது இருக்கிறது, இப்போதைக்கு.