ஞானமணியின் கத்தரிக்கோல்

பிலிம் துண்டை உதட்டில் ஒற்றிப் பார்த்துவிட்டுத்தான் ஞானமணி கத்தரிக்கோலை எடுப்பார். மருந்து பூசிய பக்கம் உதட்டில் லேசாக ஒட்டும், மறுபக்கம் வழுக்கும். மருந்தைச் சுரண்டிப் பசை தடவினால்தான் இரண்டு துண்டும் பிரியாமல் சேரும். விடுமுறைக்கு ஆவூர் வந்தாலும் தகரப்பெட்டியில் இந்த வேலையும் கூடவே வந்துவிடும்.

"இப்பிடி பிலிமுக்கு முத்தம் குடுத்துக்கிட்டே இருந்தா எந்த மாப்பிள்ளடி வருவான்?" என்பார் தாயார் ஜெபமாலையம்மாள்.

"மொதல்ல பசை காயட்டும் ஆத்தா" என்பார் மகள்.

புதுக்கோட்டைச் சமஸ்தானம் இந்தியாவோடு சேர்ந்த வருடம் சென்னைக்குப் போனவர் ஞானமணி. அன்றிலிருந்து செய்திப் படங்களை வெட்டி ஒட்டுகிறார். அணை, ஆலை, அம்மை ஊசி எல்லாம் அவர் கைபட்டுத்தான் திரைக்கு வந்தன. படத்தில் வரும் பெயர் மட்டும் முதலாளியின் மைத்துனருடையது. அந்த மகானுக்குக் கத்தரிக்கோலில் எந்த விரலை நுழைப்பது என்றே தெரியாது. ஞானமணி இதைச் சிரித்துக்கொண்டுதான் சொல்வார். ஆனால் உள்ளுக்குள் எரிந்துகொண்டிருக்கும். படத்தில் மாலை மரியாதைகளைக் கண்டால் அவருக்கு ஆகாது. ஒருவர் மாலை போட்டதைக் காட்டினால் போதாதா, ஊரே போடுவதை எதற்குப் பார்க்க வேண்டும் என்று கேட்பார்.

கண்மாய் தூர்வாருவதைப் பற்றி இப்போது முடித்திருந்த படத்தில்தான் முதல்முறையாக அவர் பெயர் வருவதாக இருந்தது. தயாரிப்பாளர் சோலையப்பன் வாக்குக் கொடுத்திருந்தார். ஆவூர்ப் பள்ளிக்கூட மைதானத்தில் சாயங்காலம் முதல் காட்சி. வாத்தியாரான தகப்பனார் ஆரோக்கியமுத்து, பூசை முடிந்து கோயிலை விட்டு வந்த ஒருவரையும் விடாமல் சொல்லிவைத்திருந்தார்.

மத்தியானம் வகுப்பறை ஜன்னல்களை அடைத்துச் சுவரில் போட்டுப் பார்த்தார்கள். மேடையில் மந்திரி பேசுகிறார். அவருக்கு முதுகைக் காட்டியபடி, மண்கூடையோடு கரையேறுகிறார் கண்மாயில் கூலிக்கு மண் சுமக்கும் பிச்சையம்மாள். சோலையப்பனுக்கு முகம் கடுத்துவிட்டது. அந்த இடத்தை எடுத்துவிடச் சொன்னார்.

"அது மண்ணு சுமக்குதுங்க. மேடையப் பாத்துக்கிட்டே கரை ஏற முடியாது" என்றார் ஞானமணி.

அந்தத் துண்டு இருந்தால் படத்தில் உங்கள் பெயர் இருக்காது, இரண்டில் எது வேண்டுமோ நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள் என்றார் சோலையப்பன். வாசலில் ஆரோக்கியமுத்து நின்றுகொண்டிருந்தார். ஞானமணி அவரை ஒருமுறை பார்த்தார். அந்தப் பெயரைத் திரையில் பார்ப்பது இருவருக்கும் எத்தனை வருடத்து ஆசை.

ரீலைத் தொடக்கம் வரை பின்னால் சுற்றினார். தன் பெயர் இருந்த பிலிமை உதட்டில் ஒற்றிப் பார்த்தார். வெட்டினார். மிஞ்சிய இரண்டு முனைகளையும் சுரண்டிப் பசை தடவி ஒட்டினார்.

"இந்தாங்க, என் பேரு. பிச்சையம்மா இருக்கட்டும்."

துண்டைச் சோலையப்பன் கையில் வைத்துவிட்டு, அவருக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, சாயங்காலக் காட்சிக்கு ரீலைச் சுற்ற ஆரம்பித்தார்.