வெள்ளி மெடல் போட்ட பிரசிடெண்ட்

ஜெர்மன் சண்டை நடந்த காலம். போடியில் நாடகம் என்றால் பபூன் நான்தான். முன்வரிசை நாற்காலியில் நிதி பிரசிடெண்ட் உட்கார்ந்திருப்பார். நிதி என்றால், ஊரார் பணத்தை வாங்கி வட்டி தருவதாகச் சொன்ன கம்பெனி. ஒரு பொங்கலுக்கு என் பாட்டைக் கேட்டு மேடையேறி வந்து, என் சட்டையில் வெள்ளி மெடல் குத்தினார். கூட்டம் கைதட்டியது. அந்தச் சனியன் பிடித்த மெடலுக்கு மயங்கி, மறுநாளே என் பெண்சாதியின் நூற்றிருபது ரூபாயை அவரிடம் கட்டினேன். போடிமெட்டுக்கு மேலே எட்டு வருஷம் அட்டைக்கடி பட்டு ஏலக்காய் பறித்த கூலி அது. ராசிங்காபுரத்தில் துண்டு நிலம் வாங்க வைத்திருந்தாள். "வேணாங்க" என்றாள். கேட்டேனா?

அடுத்த வருஷம் நிதிக்குப் பூட்டு. கைவிரித்த மனுஷன் மாடி வீடு கட்டினான். இனி அவனுக்கு என்ன மரியாதை? எனக்கு வயிறு எரிந்தது. அந்த எரிச்சலில் ஒரு காமிக் கட்டினேன். தொந்திக்குத் தலையணை வைத்த பிரசிடெண்ட் நான். ஆர்மோனியக்காரர் "என் பணம் எங்கே?" என்று பாடுவார். நான் "நாளைக்கு வா" என்று ராகம் மாற்றி மாற்றி இழுப்பேன்.

மறு பொங்கலுக்கு அதை மேடையேற்றினோம். வெட்கங்கெட்டவன், அவனும் வந்தான்! அதே நாற்காலி. ஜனம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. அவன் அதைவிடப் பலமாகச் சிரித்தான். பாட்டுக்கு நடுவே ஐந்து ரூபாய் நோட்டை மேடைக்குக் கொடுத்தனுப்பினான். அப்படிப் பணம் வந்தால் ஆர்மோனியம் நிற்கும்; கொடுத்தவரைச் சொல்லி நாலு வார்த்தை புகழ்ந்த பிறகே பாட்டு தொடரும். என் வாயாலேயே வள்ளல் பட்டம் வாங்கப் பார்த்தான், திருட்டுப் பயல்!

நோட்டைத் தூக்கிப் பிடித்தேன்.

"மகாஜனங்களே! இந்த அஞ்சு ரூவாயக் குடுத்தது, அந்தா பொம்பளைக பக்கம் உக்காந்திருக்கிற என் பெண்சாதி! அவ பணம் இன்னும் நூத்திப் பதினஞ்சு, பிரசிடெண்டுகிட்ட இருக்கு!"

கூட்டத்தில் ஒருவர் எழுந்தார். "என் முன்னூறையும் சொல்லுண்ணே!" இன்னொருவர், "என் மக கல்யாணப் பணம், அதையும் சொல்லு!" என்று கத்தினார். அவன் துண்டை உதறிக்கொண்டு வெளியேறினான். கைதட்டல் அடங்க வெகு நேரமானது. நான் மூன்று முறை குனிந்து கும்பிட்டேன்.

வீட்டுக்கு நடக்கையில், "எப்படி இருந்துச்சு?" என்று பெண்சாதியிடம் கேட்டேன்.

"அந்த அஞ்சு ரூவாயக் கொண்டாங்க" என்று வாங்கி முந்தானையில் முடிந்துகொண்டாள். "அவன் மெடல் குத்துன அன்னைக்கும் இப்படித்தான் கை தட்டுனாக. வெரசா நடங்க, விடிஞ்சா நான் மலையேறணும்."