ரெண்டே மிதி உள்ள வண்டிக்கு எண்ணெய் மாற்றியது

என் கடைக்கு வருகிறவர்கள் யாரும் எண்ணெயைப் பேர் சொல்லிக் கேட்க மாட்டார்கள். "பம்புசெட்டுக்குக் கெட்டியா ஒண்ணு குடு" என்பார் ஒருவர். "போன தபா குடுத்தியே, மஞ்ச டப்பா, அது" என்பார் இன்னொருவர். பவர் ஸ்டியரிங்குக்கு ஊற்றுகிற சிவப்பு எண்ணெய்க்கு எங்கள் பக்கத்து டிராக்டர் மெக்கானிக் வைத்த பேர் ரோஸ்மில்க். நான் எட்டாவதோடு நின்றவன். எண்ணெயைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் டப்பாக்களின் முதுகில் படித்ததும், வாங்கிப் போனவர்கள் திரும்பி வந்து திட்டியதில் தெரிந்துகொண்டதும்தான். கள்ளக்குறிச்சியில் அந்தக் கல்லாவில் உட்கார்ந்து ஊர்ப் பேச்சு எவ்வளவோ கேட்டாயிற்று. பாதி மறந்தும் போயிற்று. மாமா பேசியது மட்டும் ஒரு வார்த்தை விடாமல் காதிலேயே நிற்கிறது.

மாமா என்றால் என் அக்காவின் கணவர். கச்சிராயபாளையத்தில் வீடு. இளவட்டத்திலிருந்து வெள்ளிமலைக்கு ஜீப் ஓட்டியவர். மலைக்குப் போகும் வாத்தியார், நர்ஸ், சாமை மூட்டை, கடுக்காய் மூட்டை, ஆட்டுக்குட்டி எல்லாம் அவர் வண்டியில்தான். சர்க்கரை வந்து இடது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். ஆஸ்பத்திரியில் பார்க்கப் போனபோது நான் அழுதேன். அவர் சொன்னார்: "கிளட்ச் காலுதான மச்சான் போச்சி. பிரேக் காலு இருக்குது, வுடு."

அந்தப் பேச்சைப் பிடித்துக்கொண்டுதான் நான் அந்த வண்டியைத் தேடினேன். கிளட்ச் இல்லாத, தானே கியர் மாற்றிக்கொள்ளும் பழைய கார் ஒன்று புதுச்சேரியில் கிடைத்தது. கீழே ரெண்டு மிதிதான், ஒரு கால் போதும். கச்சிராயபாளையம் டீக்கடையில் கொண்டுபோய் நிறுத்திய அன்றைக்கு ஒரே கூட்டம்.

"கியரே போடாம ஓட்றதுக்கு டிரைவரு எதுக்குய்யா?" என்று கேட்டார் பால்காரர்.

"கியரு இருக்குதுய்யா. என்னியக் கேக்காம அதுவே போட்டுக்குது. எங்க வூட்ல கொழம்பு வெக்கிற மாதிரி" என்றார் மாமா. அக்கா பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்தது அவருக்குத் தெரியும்.

அக்காவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். அத்தனை வருஷம் வெள்ளிமலைக்கு ஓட்டிய மனுஷனின் பெண்டாட்டி, ஒரு தடவைகூட மலை ஏறியதில்லை. கல்யாணமான புதிதில் கூட்டிக்கொண்டு போவதாக ஒரு நாள் குறித்திருந்தார். அன்றைக்குத்தான் இட ஒதுக்கீடு கேட்டுச் சாலை மறியல் ஆரம்பித்தது. ஊருக்கு ஊர் புளியமரத்தை வெட்டிக் குறுக்கே போட்டுவிட்டார்கள். விடியுமுன் ஒரு நடை ஏற்றிக்கொண்டு மேலே போனவர் அங்கேயே மாட்டிக்கொண்டார். அக்கா பட்டுப்புடவையை மடித்துப் பெட்டியில் வைத்தாள். அதற்கப்புறம் முன்சீட்டு காலியாக இருந்த நாளே இல்லை. முன்சீட்டுக்குத்தான் ஜாஸ்தி கிராக்கி. பிள்ளைகள் வந்தார்கள், கரும்பு வெட்டு வந்தது, அப்படியே போய்விட்டது. கேட்டால் மாமா, "மலை எங்கயும் போயிடாதுடி" என்பார்.

கார் வந்ததும் போயிருக்கலாம். முதலில் கோமுகி அணை வரைக்கும், அப்புறம் கள்ளக்குறிச்சி வரைக்கும் என்று கை பழக்கிக்கொண்டிருந்தார். பிறகு ஊரில் நோய் பரவி எல்லாரையும் வீட்டுக்குள் அடைத்தது. அது கொஞ்சம் தணிந்த நேரம் ரெண்டு விஷயம் ஒன்றாக வந்தது. மாமாவின் வலது பாதத்தில் ஒரு புண். வண்டியில் ஒரு இழுப்பு.

சூடானால் வண்டி உடனே பிடிக்காது. மிதித்தால் என்ஜின் கத்தும், சக்கரம் யோசிக்கும். கியர் பெட்டியின் அளவுக்கம்பியை உருவிப் பார்த்தேன். செக்கச்செவேலென்று இருக்க வேண்டிய எண்ணெய் கருத்துப்போய், அடிப்பிடித்த பால் மாதிரி தீய்ந்த வாடை அடித்தது. எங்களுக்கு முன்னால் வைத்திருந்தவர் மாற்றவே இல்லை போலிருக்கிறது.

புண்ணைப் பார்த்த டாக்டர் சுருக்கமாகச் சொல்லிவிட்டார்: "பாதத்தை எடுத்தாகணும். பொங்கல் கழிச்சு வந்து சேர்ந்துடுங்க. இன்னிக்கே வந்தாலும் நல்லதுதான்."

மாமா பொங்கல் கழித்துத்தான் என்றார். வீட்டுக்கு வந்ததும் என்னிடம் சொன்னார்: "மச்சான், இந்தக் காலு இருக்கிறப்பவே உங்க அக்காள மேல இட்டுக்கினு போயிடணும். எண்ணெய மாத்து."

டிராக்டர் மெக்கானிக் கூடாது என்றார். "பழைய எண்ணெயில இருக்கிற அழுக்குதான்யா உள்ள பிளேட்டக் கவ்விக்கினு இருக்குது. புதுசு ஊத்துனா எல்லாத்தையும் கழுவி வுட்டுடும். அப்புறம் கவ்வறதுக்கு ஒண்ணும் இருக்காது. சொம்மா கெடக்கிறதக் கெடுக்காத." அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. பல வருஷம் மாற்றாமல் விட்ட பெட்டிக்குப் புது எண்ணெய் ஊற்றி, அடுத்த வாரமே வண்டி நின்றுபோன கதைகள் என் கல்லாவுக்கும் வந்திருக்கின்றன. மாற்றாவிட்டாலும் அது போகத்தான் போகிறது. எப்போது என்பதுதான் தெரியாது.

மாமா அளவுக்கம்பியை வாங்கி முகர்ந்து பார்த்தார். அப்புறம், "புடிச்சிக்கினு இருக்குதேன்னு பயந்துக்கினு கீழயே சுத்தினா அது இன்னா வண்டி? ஊத்து" என்றார்.

அக்கா உள்ளே இருந்து கத்தினாள். "வண்டிக்கின்னா இன்னிக்கே மாத்தணும். காலுக்கின்னா பொங்கல் கழிக்கணுமா? இன்னா நாயம்யா உனுது?"



மெக்கானிக் இன்னொன்றும் சொன்னார்: "மாத்தறதுதான்னா கடையில இருக்கிற ரோஸ்மில்க்கையே ஊத்தேன். செவப்பெல்லாம் ஒண்ணுதான்." இதில் மட்டும் நான் ஒத்துக்கொள்ளவில்லை. செவப்பெல்லாம் ஒன்றில்லை. ஸ்டியரிங்கில் எண்ணெய் தள்ளினால் போதும். இந்தப் பெட்டிக்குள் தள்ளவும் வேண்டும், குளிர வைக்கவும் வேண்டும், பிளேட்டுகளை வழுக்காமல் பிடிக்க விடவும் வேண்டும். பிடி கொஞ்சம் கூடினால் குலுங்கும், குறைந்தால் வழுக்கும். எந்த வகை என்று அளவுக்கம்பியின் தலையிலேயே பொறித்திருந்தார்கள். துடைத்துவிட்டுப் படித்தேன். என் கடையில் அது இல்லை. சென்னைக்குச் சொல்லி ரெண்டு கேன் வரவழைத்தேன்.

அந்த வாரம்தான் மறுபடியும் மறியல். அதே இட ஒதுக்கீடு. மனு, கொடி, மைக் செட் என்று ஊரெல்லாம் அதே பேச்சு. இந்த முறை மரம் வெட்டவில்லை, ஆட்களே சாலையில் உட்கார்ந்துவிட்டார்கள். என் கேன்களை ஏற்றி வந்த பார்சல் வேன் எலவனாசூர்கோட்டைக்கு வெளியே வரிசையில் நின்றுவிட்டது. மாமாவிடம் போனில் சொன்னேன். "அப்பயும் இதே ஆளுங்க, இப்பயும் இதே ஆளுங்க. உங்க அக்கா ஜாதகத்துல எழுதியிருக்குது" என்று சிரித்தார். சிரிப்பு பாதியில் இருமலாகிவிட்டது.

பைக்கில் போனேன். கூட்டத்துக்கு இந்தப் பக்கம் வண்டியை நிறுத்திவிட்டு, மடித்துக் கட்டிய வேட்டியோடு வயல் வரப்பில் சுற்றிக்கொண்டு வேனிடம் போய், கைக்கொன்றாக ரெண்டு கேனையும் தூக்கிக்கொண்டு வந்தேன். திரும்பும்போது சாலையில் உட்கார்ந்திருந்த ஒருவர் மறித்தார்.

"இன்னாண்ணா அது? பெட்ரோலா? கொளுத்தப் போறியா?"

"இல்லப்பா. கியர் ஆயிலு. எங்க மாமா கார்க்கு."

"நாடே நின்னுக்கினு இருக்குது, உங்க மாமா எங்க போறாராம்?"

"வெள்ளிமலைக்கு. எங்க அக்காவ இட்டுக்கினு."

அவர் பக்கத்து ஆளைப் பார்த்துச் சிரித்தார். "இங்க நாம வெயில்ல வெந்துக்கினு கெடக்கிறோம், அங்க ஜோடியா டூருடா" என்றார். பிறகு எழுந்து ஒரு கேனை வாங்கி என் பைக் வரைக்கும் தூக்கி வந்து கட்டியும் கொடுத்தார். என்ன நோய், எந்தக் கால் என்று நான் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அழுதிருப்பேன்.

மறுநாள் மாமா வீட்டு வாசலிலேயே மாற்றினோம். எண்ணெய் இளஞ்சூட்டில் இருக்கட்டும் என்று கொஞ்சம் ஓட்டிவந்து, கல் அடுக்கி வண்டியைத் தூக்கி, அடியிலிருக்கும் போல்ட்டைக் கழற்றினேன். அக்கா ஒரு பழைய குண்டான் கொடுத்தாள். "இது இனிமே வூட்டுக்குள்ள வரக்கூடாது" என்று சொல்லித்தான் கொடுத்தாள். கறுப்பாக இறங்கியது. மாமா நாற்காலியில் உட்கார்ந்து குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

இந்தப் பெட்டியில் ஒரு சங்கடம். போல்ட்டைக் கழற்றினால் பாதி எண்ணெய்தான் இறங்கும். மீதி உள்ளே சுற்றுகிற உருளையிலும் குழாய்களிலும் தங்கிவிடும். எவ்வளவு இறங்கியதோ அவ்வளவே புதுசு ஊற்றி, நாலு நாள் ஓட்டிவிட்டு, மறுபடி இறக்கி, மறுபடி ஊற்ற வேண்டும். வயதான பெட்டிக்கும் அதுதான் நல்லது. அதனால்தான் ரெண்டு கேன்.

கழற்றிய போல்ட்டின் நுனியில் ஒரு காந்தம் இருக்கும். அதில் சாம்பல் நிறத்தில் மாவு மாதிரி ஒட்டியிருந்தால் சாதாரணத் தேய்மானம். இதில் மாவோடு இரும்புச் சில்லும் இருந்தது. மாமா கையை நீட்டினார். கொடுத்தேன். ஒரு சில்லை எடுத்து விரல்களுக்கு நடுவில் உருட்டினார். அப்புறம் வேட்டியில் துடைத்துவிட்டு போல்ட்டைத் திருப்பிக் கொடுத்தார்.

"அக்காகிட்ட சொல்லாத" என்றார்.

இறங்கியதை பாட்டிலில் அளந்து, அதே அளவு புதுசு ஊற்றினேன். என்ஜினை ஓடவிட்டு, கியர் கம்பை அதன் பக்கத்தில் பொறித்திருக்கும் ஒவ்வொரு எழுத்துக்கும் மெதுவாகத் தள்ளித் திருப்பிக் கொண்டுவந்து, அளவுக்கம்பியை நூல் உதிராத துணியால் துடைத்துப் பார்த்தேன். சிவப்பும் கறுப்பும் கலந்து ஒரு நிறம். அணை வரைக்கும் போய்வந்தோம். வண்டி வெண்ணெய் மாதிரி போனது. "பாத்தியா மச்சான், மெக்கானிக்க வரச் சொல்லு" என்று ஸ்டியரிங்கில் தட்டினார்.

மறுபாதியையும் மாற்றிவிட்டு ஏறலாம் என்றேன். அன்று சாயங்காலம் அவருக்குக் குளிர் காய்ச்சல் வந்தது. காலையில் புண்ணைச் சுற்றிக் கருத்திருந்தது. அக்கா ஆஸ்பத்திரிக்குக் கிளம்பு என்றாள். "சாயங்காலம் போயிடலாம். சத்தியம். இப்ப பொடவை மாத்திக்கினு வா" என்றார். அக்கா என்னைப் பார்த்தாள். அவர் பாதத்தைப் பார்த்தாள். பிறகு உள்ளே போய்ப் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு வந்தாள்.

முன்சீட்டில் அக்கா. நான் பின்னால். மலை ரோடு ஏறத் தொடங்கியதும் மாமாவின் குரலே மாறிவிட்டது. இங்கேதான் ஒரு தடவை கரடி குறுக்கே வந்தது, இந்த வளைவில்தான் ஒரு பொம்பளைக்கு வண்டியிலேயே பிள்ளை பிறந்தது என்று சொல்லிக்கொண்டே ஓட்டினார்.

"இதான் மலையா? இதுக்கா ஆளுக்கு ஆளு முன்னாடி சீட்டுக்கு அடிச்சிக்கினாங்க?" என்றாள் அக்கா. ஆனால் கண்ணாடியோடு முகத்தை ஒட்டித்தான் உட்கார்ந்திருந்தாள்.

பாதி மலையில், ஏற்றமும் வளைவும் சேர்ந்த ஓர் இடத்தில், என்ஜின் கத்தியது. சக்கரம் சுற்றவில்லை. வண்டி பின்னால் நழுவியது. மாமா பிரேக்கை மிதித்தார், புண் காலில் அழுத்தியதில் பல்லைக் கடித்தார். நான் இறங்கிச் சக்கரத்துக்குக் கல் கொடுத்தேன். தீய்ந்த வாடை. ஆறவிட்டுப் பார்த்தோம். மறுபடி கத்தல்தான். இன்னொரு முறையும் பார்த்தார். அப்புறம் சாவியைத் திருப்பி என்ஜினை அணைத்தார்.

"இம்மாந்தூரந்தான்" என்றார்.

கீழிருந்து வெள்ளிமலை பஸ் வந்தது. ஓட்டுநர் மாமாவுக்குப் பழகியவர். நிறுத்தி எட்டிப் பார்த்தார். "இன்னாண்ணே, நின்னுடுச்சா? அண்ணிய வேணா ஏத்திக்கினு போய்க் காட்டிட்டு வரட்டுமா?"

"போயிட்டு வாடி" என்றார் மாமா, அவளைப் பார்க்காமல்.

"பஸ்ல போறதுக்கா இத்தினி வருசம் குந்திக்கினு இருந்தேன்? நீ போப்பா" என்றாள் அக்கா.

பஸ் வளைந்து மேலே போய் மறைந்தது. அக்கா புளிச்சோற்றுத் தூக்கைத் திறந்தாள். முன்சீட்டில் உட்கார்ந்தபடியே அவருக்குக் கொடுத்துத் தானும் சாப்பிட்டாள். கீழே அணைத் தண்ணீர் தகடு மாதிரி தெரிந்தது.

"வெள்ளிமல எந்தப் பக்கம்?"

மாமா கண்ணாடி வழியாக மேலே கையைக் காட்டினார். ஒரு முகடும், அதன்மேல் பனிப்புகையும்தான் தெரிந்தன. அக்கா நெற்றியில் கை வைத்துக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"சரி, பாத்தாச்சி. வண்டியத் திருப்பு" என்றாள்.

பின்னாலேயே உருட்டித் திருப்பி, சின்ன கியரில் போட்டு, அவர்தான் கீழே வரைக்கும் ஓட்டினார். இறக்கத்தில் வண்டி ஒரு குறையும் சொல்லவில்லை. அன்று சாயங்காலமே சேர்த்தோம். காலை எடுத்தார்கள். ரத்தத்தில் கலந்திருந்த விஷத்தை எடுக்க முடியவில்லை. பொங்கலுக்கு அவர் இல்லை.

காரியம் முடிந்த பிறகு ஒரு நாள் அக்கா கேட்டாள்: "அந்த இன்னொரு கேனு இருக்குதே, அத ஊத்துனா வண்டி மேல ஏறுமாடா?"

"எண்ணெய் மட்டும் பத்தாதுக்கா. பெட்டியப் பிரிச்சிப் பிளேட்ட மாத்தி அத ஊத்தினா ஏறும். நான் ஓட்டிக்கினு போறேன்."

யோசித்தாள். "வேணாம். அவுரு ஊத்தச் சொன்னது அப்படியே கெடக்கட்டும்" என்றாள்.

வண்டி இன்னும் அந்த வாசலில்தான் நிற்கிறது. ஓடாமல் கிடந்தால் கெட்டுவிடும் என்று ஞாயிற்றுக்கிழமைகளில் போய் ஸ்டார்ட் செய்கிறேன். அந்த எண்ணெயின் அளவை என்ஜின் ஓடி, சூடான பிறகுதான் பார்க்க முடியும். சூடாகும் வரைக்கும் அக்கா வந்து முன்சீட்டில் உட்கார்ந்துகொள்வாள். கண்ணாடி வழியாக மலையைப் பார்த்துக்கொண்டிருப்பாள். நான் கியர் கம்பை ஒவ்வொரு எழுத்தாகத் தள்ளித் திருப்புவேன். இறங்கிப் போய்க் கம்பியை உருவித் துடைத்துப் பார்ப்பேன்.

"கம்மியா இருக்குதாடா?"

"இல்லக்கா. அப்படியே இருக்குது."